துறைமுகத்து பஸ்ஸில் இரண்டு சீட்டுகள்

ஞாயிறு, 9 நவம்பர்

இன்று வைலே நகரில், புலம்பெயர்ந்து வந்த எங்கள் தமிழ் ஆட்கள் இங்கே பிறந்த பிள்ளைகளுக்காகப் போர்க்கால நினைவுகளைப் பதிவுசெய்தார்கள். ஒழுங்குசெய்த அண்ணை என்னிடம் கேட்டார்: "தங்கச்சி, யாழ்ப்பாணத்தில எவடம்?"

வழக்கமாகக் கணவருடைய ஊரைச் சொல்லித் தப்பிவிடுவேன். இன்று ஏனோ தெற்கிலுள்ள காலி என்று சொன்னேன். அப்பா அங்கே துறைமுகத்தில் கிளாக்கராக இருந்தவர் என்றும் சொன்னேன்.

"காலியோ? அது சிங்கள ஊரெல்லே. அங்க சண்டை நடக்கேல்லையே. உங்கட மனிசன்ர ஊர்க் கதையைச் சொல்லுங்கோ."

சொன்னேன். பங்கருக்குள் இருந்தது, ஷெல் விழுந்தது எல்லாம் இவர் சொல்லிக் கேட்டவை. நானே இருந்ததுபோலச் சொன்னேன். ஒரு பெண் அழுதாள். எனக்கு எரிச்சல்தான் வந்தது.

காலியில் ஷெல் விழவில்லை, உண்மைதான். ஆனால் வெளியே போகும்போது நாங்கள் பொட்டு வைப்பதில்லை. பஸ்ஸில் அப்பா முன்னுக்கும் நான் பின்னுக்கும் இருப்போம். பக்கத்தில் இருந்தால் தமிழில் கதைத்துவிடுவோம் என்று அம்மாவுக்குப் பயம்.

நாங்கள் இருக்கும் ஓகூஸ் நகருக்குத் திரும்பும் ரயிலில் இவர் கேட்டார்: "உம்மட அப்பாவைப் பற்றிச் சொல்லியிருக்கலாமே?"

"என்னத்தைச் சொல்லுறது?" என்றேன்.

அப்பாவை பஸ்ஸிலிருந்து இறக்கிக்கொண்டு போனார்கள், அவர் திரும்பி வரவில்லை. இவருக்கு அவ்வளவுதான் தெரியும். அன்றைக்கும் நான் பின் சீட்டில் இருந்தேன். இறங்கும்போது அப்பா என் பக்கம் திரும்பவே இல்லை. பக்கத்தில் இருந்த பெண், தெரிந்தவரா என்று சிங்களத்தில் கேட்டாள்.

இல்லை என்று சொன்னேன்.