பத்து வருஷம் கூட்டும் கையெழுத்து

என்னங்க, சாப்பாடு மூடி வைத்திருக்கிறேன். தையல் கடையில் இன்று வேலை அதிகம், வர எட்டாகும்.

ஆறு மணிக்கு பேங்க்காரர் வீட்டுக் கடனை மாற்றி எழுதும் தாள்களோடு வருவார். டீ கொடுங்கள், கையெழுத்து மட்டும் கொடுக்காதீர்கள். நானும் போடமாட்டேன். “மாசத் தவணை குறையுதுல்ல, அப்புறம் என்ன?” என்று நேற்று குதித்தீர்கள். தவணை குறையும், வருஷம் பத்து கூடும். மொத்தமாகக் கூட்டிப் பார்த்தேன். வட்டிக்குப் போகிற காசில் இதே மாதிரி இன்னொரு வீடு வாங்கலாம். நீங்கள் வேலையிலிருந்து ஓய்வு பெற்றாலும் தவணை ஓயாது.

ஆற்றில் போட்டாலும் அளந்து போடு என்பார்கள். நாம் எட்டு வருஷமாக அளக்காமலே போட்டிருக்கிறோம். கட்டியதில் முக்கால்வாசி வட்டியிலேயே கரைந்துவிட்டது. அசலில் கழிந்தது எவ்வளவு என்று கணக்குப் போட்டு, காலையில் டேப்பை எடுத்து வீட்டை அளந்தேன். இதுவரை நமக்குச் சொந்தமானது படுக்கையறை மட்டும்தான்.

மாடிக் கதவுச் சாவி ஃப்ரிட்ஜ் மேலே இருக்கிறது.

சொல்ல மறந்துவிட்டேன். நேற்று கோபத்தில் ஹாலில் போய்ப் படுத்துக்கொண்டீர்கள். அது இன்னும் பேங்க்காரன் இடம். இன்றைக்கு நம் இடத்திலேயே வந்து படுங்கள்.