இரண்டு வரைபடத்துக்கு நடுவில் ஒரு குளம்

எட்டி, போன வாரம் உன் கடை வாசனை என் மூக்கில் ஏறிவிட்டது. பாறசாலை ஜங்ஷனில் கம்ப்யூட்டர் சென்டர் வைத்திருக்கும் மனுஷர் அச்செடுத்துத் தந்த தாள், கையில் வாங்கும்போது சூடாக இருந்தது. சூடான காகிதமும் அந்தக் கறுப்புப் பொடியும் சேர்ந்து ஒரு வாடை அடிக்குமே, அதேதான். உன் போட்டோஸ்டாட் மெஷின் பக்கத்தில் கொஞ்சநேரம் நின்றால் என் சேலையெல்லாம் அந்த வாடை பிடித்துக்கொள்ளும். "நான் பவுடர் போட்டிருக்கேன், கறுப்புப் பவுடராக்கும்" என்று நீ சிரிப்பாய். நான் தாளை மூக்கில் வைத்துக்கொண்டு நின்றதைப் பார்த்துவிட்டு அவர், "எக்கா, தலை சுத்துதா?" என்று கேட்டார். தலையெல்லாம் சுத்தவில்லை, கோபம் வருகிறது என்றேன்.

கோபம் எதற்கென்று கேள். தாளில் இருந்தது நம் கைதக்குளம். அதாவது, குளம் இருக்கவேண்டிய இடம். இப்போதெல்லாம் வானத்திலிருந்து எடுத்த படத்தை இன்டர்நெட்டில் போட்டு, எது வயல், எது நீர்நிலை, எதையெல்லாம் தொடக்கூடாது என்று அதன்மேல் நிறம் தீட்டி வைத்திருக்கிறார்கள். நெய்யாறு நல்ல நீலமாக ஓடுகிறது. நம் குளத்தின்மேல் மட்டும் ஒரு நிறமும் தீட்டவில்லை, படத்தில் வெறும் பச்சையாக, தோட்டம்போல் கிடக்கிறது. "இங்க வெள்ளம் ஒண்ணும் காட்டல்லியே எக்கா, புரயிடமில்லா?" என்றார் அவர். வெள்ளம் என்றால் தண்ணீர், புரயிடம் என்றால் காய்ந்த பூமி. மண்ணைக் கொட்டி மேடாக்கலாம், கட்டடம் எழுப்பலாம். நம் பக்கத்துக் கரையை ஒருத்தன் வாங்கி, நிரப்ப அனுமதி கேட்டு மனுவும் கொடுத்துவிட்டான். தொண்ணூறுகளில் உன்னையும் என்னையும் எதிரே நிறுத்திவைத்து ஒரு ஆபீஸர் சொன்னாரே, "அது குளமல்ல, புரயிடம்" என்று. அதே சொல்.

உனக்கு ஞாபகப்படுத்த வேண்டியதில்லை. ஆனாலும் சொல்வேன். நீ கேட்டாலும் கேட்காவிட்டாலும் பேசிக்கொண்டிருப்பது எனக்குப் பழக்கம்.

ஒரே கட்டடத்தில் நமக்கு ஒட்டி ஒட்டி இரண்டு கடைமுறி. உன்னுடையதில் டைப்ரைட்டரும் போட்டோஸ்டாட்டும், என்னுடையதில் தையல் மெஷின். நீ கடப்புறத்துக்காரி, அப்பனும் அண்ணன்மாரும் கடலில் போகிறவர்கள். மீன் வாடையிலிருந்து தப்பித்து ஓடிவந்ததாகச் சொல்லிவிட்டு, மத்தியானம் ஆனால் என் முறிக்கு வந்து மீன்கறிப் பாத்திரத்தைத் திறப்பாய். பெண் ஒருத்தி தனியாக மெஷின் வாங்கிக் கடை போடுவதா என்று ஜங்ஷனில் பேசியவர்கள் எல்லாரும் கடைசியில் உன்னிடம்தான் ரேஷன் கார்டு காப்பி எடுக்க வந்தார்கள். வந்தவர்களை நீ வைக்கவேண்டிய இடத்தில் வைத்தாய்.

என் வீடு கைதக்குளத்துக்குக் கீழே, நம் பக்கத்துக் கரையில். கரை முழுக்கக் கைதைத் தாழை. மாசி பிறந்தால் சுற்றுவட்டாரத்துக் கிணறெல்லாம் அடி தெரியும். பெண்கள் குடத்தோடு அலைவார்கள். எங்கள் கிணறுகள் மட்டும் வற்றாது. குளம் கொடுக்கிற வெள்ளம் அது. அந்த வீட்டை நான் வாங்கியதே கிணற்றை எட்டிப் பார்த்துவிட்டுத்தான், சுவரைப் பார்க்கவில்லை. அந்தக் குளத்தை நிரப்பிக் கல்யாண மண்டபம் கட்டப்போவதாக ஒரு முதலாளி கிளம்பினார். செம்மண் லாரி வந்து ஒரு மூலையில் கொட்டிவிட்டும் போயிற்று. தண்ணீரே சிவந்து போய்விட்டது. நான் கடைக்கு வந்து அழுதேன். நீ அழவிடவில்லை. "எட்டி, கண்ணைத் துடை. வில்லேஜ் ஆபீஸுக்குப் போவோம். நான் டைப் அடிச்சுத் தாறேன்" என்றாய்.

போனோம். ஆபீஸர் வரைபடத்தை விரித்துக் காட்டினார். குளம் இல்லை! ஓரத்தில் ஒரு சின்ன வளைவு, அதற்கப்புறம் வெள்ளைக் காகிதம். "வெள்ளம் எல்லாம் தமிழ்நாட்டுப் பக்கமாக்கும். நம்ம பக்கம் இருக்கியது புரயிடம்" என்றார். சரியென்று பஸ் ஏறி, களியக்காவிளையைத் தாண்டித் தமிழ்நாட்டு ஆபீஸுக்குப் போனோம். அங்கேயும் ஒரு வரைபடம், அங்கேயும் ஓரத்தில் ஒரு வளைவு, அதற்கப்புறம் வெள்ளை. "குளமா? அது கேரளாவுல இருக்கும்மா" என்றார்கள். நீ அவர்கள் முகத்துக்கு நேரே கேட்டாய்: "அப்போ நான் கால் கழுவினது எந்த ராஜ்ஜியத்து வெள்ளத்துல சாரே?"  கேட்டு நமக்கு ஒரு பிரயோசனமும் இல்லை.

மாநில எல்லை குளத்துக்கு நடுவே போகிறது. ஒவ்வொரு மாநிலமும் தன் பக்கத்துக் கரையின் வளைவை மட்டும் வரைந்து, மற்றதை வெள்ளையாக விட்டிருக்கிறது. இரண்டு பக்கமும் சேர்ந்து ஒரு குளத்தை இல்லாமல் ஆக்கிவிட்டார்கள். யாரும் களவு செய்யவில்லை, பொய்யும் எழுதவில்லை. அதை நினைத்தால் இன்னும் பற்றிக்கொண்டு வருகிறது.

இரண்டு வரைபடத்தின் நகலையும் வாங்கிக்கொண்டுதான் நீ அந்த ஆபீஸ்களை விட்டு இறங்கினாய். கடைத் தரையில் விரித்தோம். ஒன்று பெரிது, ஒன்று சிறிது, அளவு ஒத்துப்போகவில்லை. நீ மெஷினில் ஒன்றைப் பெரிதாக்கினாய், மற்றதைச் சுருக்கினாய். பெரிதாக்கினது அதிகமாகிவிடும், சுருக்கினது குறைந்துவிடும். கடை முழுக்க வீணான தாள். வெளியே காத்து நின்றவர்களை "நாளைக்கு வாருங்க, இண்ணைக்கு மெஷினுக்குக் காய்ச்சல்" என்று விரட்டினாய். ஓரத்தோடு ஓரம் பொருத்துவதற்கு நான் உட்கார்ந்தேன். தையல்காரிக்கு அதுகூடத் தெரியாதா? சட்டைக்குக் கை வைப்பதுபோல், எல்லைக்கல் குறி எல்லைக்கல் குறிமேல் வர, கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளித் தள்ளிச் சேர்த்தேன். மைதாப்பசை தடவி ஒட்டினோம். இரண்டு வளைவும் தொட்டுக்கொண்டன. தரையில் ஒரு முழுக் குளம் கிடந்தது. நீ அதன் பக்கத்தில் சப்பணம் போட்டு உட்கார்ந்து, "கண்டியா, களியக்காவிளைக்கும் பாறசாலைக்கும் நம்மளாக்கும் கல்யாணம் செஞ்சு வச்சது" என்றாய்.

ஆபீஸர் அதைத் தொடக்கூட மாட்டேன் என்றுவிட்டார். இரண்டு ராஜ்ஜியத்தைப் பசை போட்டு ஒட்டினால் அது ரெக்கார்டு ஆகுமா, முத்திரை எங்கே என்று கேட்டார். படி இறங்கும்போது, எல்லாம் முடிந்தது, வீட்டுக்குப் போவோம் என்றேன் நான். நீயோ நேரே கடைக்குப் போய் அதைப் பிரதி எடுக்கத் தொடங்கினாய். டீக்கடை, வாசகசாலை, பால் சொசைட்டி, சிலுவை நிற்கும் குருசடி, அம்மன் கோயில் மதில் என்று எல்லையின் இரண்டு பக்கமும் ஒட்டினோம். "இது குளம். இதில் மண் விழுந்தால் நம் கிணறு போச்சு" என்று மட்டும் அடியில் எழுதியிருந்தாய்.

குளத்தைப் பார்க்க ஒருவரும் வரவில்லை. தன் வீட்டைப் பார்க்க வந்தார்கள்! எட்டி, அதுதான் எனக்கு இன்னும் சிரிப்பு. "இதில எனக்க வீடு எங்க இருக்கு?" என்று மூக்கு காகிதத்தில் இடிக்கிற அளவுக்குக் குனிந்து தேடினார்கள். கிடைத்ததும் பேனாவை வாங்கித் தன் கிணற்றுக்கு ஒரு வட்டம் போட்டார்கள். "எனக்க கிணறைத் தம்பிக்க பறம்பு நிலத்தில போட்டது யாரு?" என்று பால் சொசைட்டியில் ஒரு பெரியவர் சண்டைக்கே நின்றார். ஒரு வாரம் ஆகவில்லை, குளத்தைச் சுற்றி மாலை கோத்ததுபோல் வட்டம் நிறைந்துவிட்டது. மலையாளம் பேசுகிறவன் கிணறு எது, தமிழ் பேசுகிறவன் கிணறு எது என்று யாரும் பிரித்துப் பார்க்கவில்லை. நாம்தான் இரண்டையும் ஒரே வாயில் பேசுகிறவர்களாயிற்றே.

அந்த வட்டங்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோதுதான் நீ கத்தினாய். லாரி வருகிற கரைப்பாதையில் விரலை வைத்துக்கொண்டு கத்தினாய். நம் பக்கத்து வரைபடத்தில் அந்தப் பாதை ஓரத்தில் வெளியே போய், கொஞ்சம் தள்ளி மறுபடி உள்ளே வருகிறது. வெளியே போன துண்டு அடுத்த பக்கத்து வரைபடத்தில் இருக்கிறது. முதலாளியின் நிலம் கேரளா, ரோடு கேரளா. நடுவில் அந்த வளைவு மட்டும் தமிழ்நாடு. தன் பக்கத்து வரைபடம் ஒன்றை மட்டும் பார்த்த மனுஷனுக்கு அது எப்படித் தெரியும்?

லாரி மறுபடி வந்த அன்றைக்கு நாம் அந்த வளைவில் நின்றோம். நம்மோடு நின்றது யார்? களியக்காவிளையில் அரிசி வாங்கி, செக்போஸ்டில் பிடிபடாமல் இடவழியில் சுமந்துவருகிற பெண்கள். எந்தக் கல்லுக்கு இந்தப் பக்கம் நின்றால் யார் பிடிப்பார், அந்தப் பக்கம் நின்றால் யார் பிடிப்பார் என்பது அவர்களுக்கு அன்றாட வேலை. நம் பக்கத்துப் போலீஸ் வந்து, "மாறு மாறு, வண்டி போகட்டெ" என்றது. நீ ஒட்டின தாளை விரித்துப் பிடித்தாய். "சாரே, கல்லு தாண்டியாச்சு. இது தமிழ்நாடாக்கும். எங்களைப் பிடிக்கணுமெங்கி அந்தப் பக்கத்துச் சாரை விளிச்சிட்டு வாருங்க." அவர் தாளைப் பார்த்தார், கல்லைப் பார்த்தார், முதலாளியைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துவிட்டு ஜீப்பில் ஏறிப் போனார்.

மறுநாள் முதலாளி தமிழ்நாட்டுப் போலீஸைக் கூட்டிவந்தார். நாம் எல்லாரும் பாயைச் சுருட்டி, கஞ்சிக்கலத்தைத் தூக்கி, கல்லுக்கு இந்தப் பக்கம் வந்து உட்கார்ந்தோம். லாரிக்கு முன்னால் அதே பாதைதான். நாடு மட்டும் மாறிவிட்டது. "கேரளாவில நின்னு வணக்கம் சார்" என்று நீ கும்பிட்டாயே, அந்தப் போலீஸ்காரருக்கே சிரிப்பு வந்துவிட்டது. இரண்டு பக்கத்துப் போலீஸும் ஒரே நாளில் சேர்ந்து வரும் என்று நான் பயந்து செத்தேன். "வரட்டு. சேர்ந்து வந்தா சேர்ந்து குளத்தைப் பாக்கட்டு. அதைத்தான நம்மளும் கேக்கியோம்" என்றாய். அவர்கள் சேர்ந்து வரவில்லை. லாரிக்காரர்கள் அலுத்துப்போனார்கள். வைகாசியின் இடவப்பாதி மழை கொட்டி, பாதையே முழுகிற்று. முதலாளி காட்டாக்கடைப் பக்கம் போய் மண்டபம் கட்டினார். அங்கே ஒரு கல்யாணத்துக்குப் போய் வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு வந்து, "பாயசம் கொள்ளாம்" என்று மெச்சினவள் நீ.

முதலில் மண் விழுந்த அந்த மூலை மட்டும் திரும்பவில்லை. அங்கே இப்போது தென்னை நிற்கிறது. அதைத் தாண்டிப் போகும்போது நான் இன்றைக்கும் முகத்தைத் திருப்பிக்கொள்வேன்.

நீ போனபோது உன்னைக் கடப்புறத்துச் சர்ச்சுக் கல்லறையில் வைத்தார்கள். எனக்கு அழுகையைவிடக் கோபம்தான் வந்தது. சண்டையை இழுத்துவிடுவதற்கு ஒருத்தி, நின்று முடிப்பதற்கு ஒருத்தி என்று இருந்தோம். இழுத்துவிடுகிறவள் போய்விட்டால் நான் என்ன செய்வேன் என்று உன் பெட்டியைப் பார்த்தே கேட்டேன். உன் அண்ணன்மார் என்னைப் பிடித்து அந்தப் பக்கம் உட்கார வைத்தார்கள். உன்னை எனக்கு அவ்வளவு வேண்டியிருந்தது, அதை நீ இருக்கும்போது சொன்னதில்லை, இப்போது சொல்கிறேன்.

ஆனால் பார், உன் வாய் எனக்கு வந்துவிட்டது. கம்ப்யூட்டர் சென்டரில் அன்றைக்கு அதுதான் பேசிற்று. "படத்தைப் பெரிசாக்குங்க, இன்னும், இன்னும்" என்றேன். உன் மெஷினில் ஒரு பகல் பிடித்த வேலை, அவர் விரலை அசைத்ததும் முடிந்தது. அந்தப் பச்சை தோட்டமல்ல எட்டி. ஆகாயத்தாமரை. பைப்பு வெள்ளம் வந்ததும் ஊர் குளத்தைக் கைவிட்டது. குளம் முழுக்க இலை மூடிவிட்டது. வானத்திலிருந்து பார்க்கிறவனுக்கு இலைதான் தெரியும், இலைக்குக் கீழே வெள்ளம் கிடப்பது எப்படித் தெரியும்? பைப்பில் காற்று வருகிற நாளில் எல்லாரும் என் கிணற்றடிக்குத்தான் வருகிறார்கள், அது மட்டும் வானத்துக்குத் தெரியவேண்டாமா? மனு கொடுத்தவன் அந்தப் படத்தைக் காட்டித்தான் புரயிடம் என்கிறான்.

ஆட்சேபம் எழுதிக் கொடுத்துவிட்டேன். டைப் அடிக்க நீ இல்லை, கையால் எழுதினேன், கையெழுத்து கோணல்தான், இருக்கட்டும். அது போதாதென்று எனக்குத் தெரியும். அதனால் படத்தை எடுத்துக்கொண்டு வீடு வீடாக ஏறினேன், எல்லைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும். "எனக்க வீடு எங்க இருக்கு?" என்று இன்றைக்கும் அதைத்தான் கேட்கிறார்கள். காட்டினேன். காட்டிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை வெட்டுக்கத்தியும் கயிறும் கொண்டு குளத்துக்கு வரவேண்டும் என்றேன். "இந்த மூட்டுவலியோட நீங்க வெள்ளத்துல இறங்காண்டாம் அம்மச்சி" என்றாள் ஒருத்தி. இறங்குவேன் என்றேன். இடுப்பளவு இறங்குவேன்.

ஒரு ஞாயிறில் முடியாது. அடுத்த ஞாயிறும் இழுப்போம், அதற்கடுத்ததும். இலையெல்லாம் கரையேறும்வரை இழுப்போம். வானத்திலிருந்து மறுபடியும் படம் எடுப்பார்களாம். எடுக்கட்டும். அப்போது அங்கே முழுக்க வெள்ளம் கிடக்கும், அதன் நடுவே கிழவி ஒருத்தி நிற்பாள். அதைப் பார்த்துவிட்டுப் புரயிடம் என்று எழுதட்டும், பார்ப்போம்.