உட்கார்ந்து கேட்க வந்தவர்கள்

இன்று காலை டிரம் பெட்டியைத் துடைக்கலாம் என்று திறந்தேன். அடியில் உன் கழுத்து வார் சுருண்டு கிடந்தது. சாக்ஸபோனை மாட்டிக்கொள்வாயே, அந்தக் கறுப்பு வார். நீ கழுத்தில் கொட்டிக்கொள்ளும் பவுடரும் வியர்வையும் கலந்த வாசம் அதில் இன்னும் போகவில்லை. அடப்பாவி, ஆளே போய்விட்டாய், இதை மட்டும் எதற்கு என் பெட்டியில் போட்டுவிட்டுப் போனாய்? வெயில் ஏறும்வரை அதைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். காபியை ஆறவிட்டதற்கு வீட்டில் திட்டு வேறு வாங்கினேன்.

விருதுநகரில் நாம் இரண்டு பேரும் ஒரே தெரு. சர்ச் பேண்டில் ஒன்றாகச் சேர்ந்தோம். எனக்கு டிரம், உனக்கு சாக்ஸபோன். கப்பலில் வேலை பார்த்த உன் மாமா தூத்துக்குடியிலிருந்து ஒரு கேசட் கொண்டுவந்து கொடுத்தார். அன்றைக்குக் கெட்டவன்தான் நீ. அதற்குப் பெயர் கூல் ஜாஸ் என்றாய். கத்தல் இல்லை, அவசரம் இல்லை. "பாத்தியாலே, பக்கத்துல உக்காந்து பேசுற மாதிரி ஊதுறான்" என்று திரும்பத் திரும்ப ஓடவிட்டு நாடாவையே தேய்த்தாய். அதோடு விட்டாயா? என் குச்சிகளைப் பிடுங்கிக்கொண்டு, "வெளக்குமாத்து ஈர்க்கக் கட்டி டிரம்முல தேய்லே, அவுக அப்படித்தான் செய்றாக" என்றாய். வாசலில் நின்று பார்த்த என் அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

பிறகு சென்னைக்குப் போனாய். ஒலிப்பதிவுக் கூடங்களில் நாள் முழுக்கக் காத்திருந்து நாலு வரி ஊதினாய். "சோகம்னா ஓங்கி அழணுமாம்லே. எனக்கு அம்புட்டு அழுகை வராது" என்று போனில் சிரித்தாய். கீபோர்டு வந்து அந்த நாலு வரியையும் வாங்கிக்கொண்டது. பெரிய ஓட்டல் ஒன்றில், சாப்பிடுகிறவர்களுக்கு நடுவே பல வருஷம் ஊதினாய். உன் அம்மா படுக்கையில் விழுந்ததும் பெட்டியோடு ஊருக்கே வந்து, என் பேண்டு செட்டில் சேர்ந்தாய்.

நம் ஊர்ப் பக்கம் காது வெடிக்குப் பழகியது. காரியாபட்டிக் கல்யாண ஊர்வலத்தில் பெண்ணின் தாய்மாமன் என்னைத் தனியே கூப்பிட்டு, "ஏண்ணே, அவருக்கு மேலுக்கு முடியலையா? காத்தே வரலையே" என்றார். எனக்கு வந்த கோபத்தில் டிரம்மைக் கிழித்திருப்பேன். நீ துளிகூட முகம் சுளிக்கவில்லை. திரும்பும்போது டீக்கடையில் மட்டும் சொன்னாய்: "இங்கன நடந்துகிட்டே ஊதுறேன். அங்கன திங்கிறவன் முன்னாடி ஊதுனேன். ஒரே ஒரு தடவை, ஆளுக சும்மா உக்காந்து கேக்கணும்லே. வேற ஒண்ணும் வேண்டாம்." நான் இன்னொரு டீ சொன்னேன்.

அதற்கப்புறம்தான் சாத்தூர்ப் பக்கத்து அந்தச் சாவு. நம் பக்கம் வேட்டுப் போடாமல், கொட்டு அடிக்காமல் யாரையும் தூக்க மாட்டார்கள். ஆனால் இறந்தவள் பட்டாசு கம்பெனி விபத்தில் போனவள். அவள் புருஷன் கையெடுத்துக் கும்பிட்டான். "வெடியால போனவளுக்கு வெடியாய்யா? கொட்டும் வேண்டாம். பிள்ளைக சத்தம் கேட்டாலே ஒடுங்குதுக." நான் டிரம்மைக் கழற்றி வண்டியில் வைத்தேன். நீ மட்டும் முன்னால் போய் நின்று, அந்தப் பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தபடி ஊத ஆரம்பித்தாய். காற்று பத்தவில்லை என்றார்களே, அதே ஊதல். பிள்ளைகள் காதைப் பொத்தவில்லை. சுடுகாடு வரை உனக்குப் பின்னாலேயே நடந்து வந்தார்கள்.

அன்றிலிருந்து விபத்தில் ஆளைப் பறிகொடுத்த வீடுகளெல்லாம் உன்னைத் தனியாகக் கூப்பிட்டன. நீ ஒன்றுக்கும் மாட்டேன் என்று சொல்லவில்லை. அதனால் கல்யாண வீட்டுக்காரர்கள் உன்னைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். "செட்டு வரட்டும், அந்த சாக்ஸுக்காரர் மட்டும் வேண்டாம்ணே" என்று என்னிடமே சொன்னார்கள். அந்த ஆர்டர்களை நான் எடுக்கவில்லை. உன்னிடம் சீசன் டல் என்று புளுகினேன். நீயும் நம்பின மாதிரி தலையாட்டினாய்.

உன் ஆசைக்காக ஒரு கச்சேரி வைக்க சர்ச் மண்டபத்தைக் கேட்டு வாங்கினேன். சிவகாசியில் பிரஸ் வைத்திருக்கும் நம் கூட்டாளி நோட்டீஸ் அடித்துக் கொடுத்தான். பார்த்தால், உன் படத்துக்குப் பின்னால் தீபாவளிப் பட்டாசுப் பெட்டிக்கு வரைந்த வெடிச் சிதறல்! "கலரா இருக்கட்டும்னு போட்டேன்" என்றான் அந்தப் புண்ணியவான். நீ கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாய். உன்னை அவ்வளவு சந்தோஷமாக நான் பார்த்ததே இல்லை.

கச்சேரிக்கு முந்தின நாள் மறுபடியும் ஒரு விபத்து. கச்சேரி அன்று மதியம் நாற்காலி போட்டுக்கொண்டிருக்கும்போது உனக்குப் போன் வந்தது. ஆஸ்பத்திரியில் உடலைக் கொடுத்துவிட்டார்களாம், சாயங்காலம் எடுக்கிறார்களாம். நீ சாக்ஸபோனை உறைக்குள் வைத்தாய். நான் கத்தினேன், "இன்னைக்கு ஒரு நாளாச்சும் உனக்குன்னு இருலே! ஆளுக வருவாகல்ல?"

"அவுகள அடுத்த மாசம் வரச் சொல்லு. இது அடுத்த மாசம் வரைக்கும் இருக்காதுலே" என்று சொல்லிவிட்டுப் போனாய்.

அடுத்த மாதம் வரைக்கும் நீதான் இருக்கவில்லை. நெஞ்சு வலி என்று உட்கார்ந்தவன், நர்ஸான உன் மனைவி கையைப் பிடித்துப் பார்ப்பதற்குள் போய்விட்டாய்.

வேட்டு வேண்டாம், கொட்டு வேண்டாம் என்று உன் வீட்டு மதினி சொன்னார். சொல்லியிருக்காவிட்டாலும் எனக்குக் கை வந்திருக்காது. காலை பத்து மணிக்கு மேல் வேன்களும் ஷேர் ஆட்டோக்களும் வர ஆரம்பித்தன. எல்லாம் நீ ஊதிய வீட்டு ஆட்கள். மாலையைப் போட்டுவிட்டுக் கிளம்பிவிடுவார்கள் என்று நினைத்தேன். ஒவ்வொருவராகப் பந்தலில் வந்து உட்கார்ந்தார்கள். நாற்காலி தீர்ந்ததும் தரையில் உட்கார்ந்தார்கள். ஒரு அம்மா என் பக்கத்தில் வந்து மெதுவாகக் கேட்டாள். "எங்க வீட்டுல ஊதுனப்ப நாங்க எங்கண்ணே கேட்டோம்? அழுதுகிட்டுல்ல கெடந்தோம். இன்னைக்காச்சும் உக்காந்து கேக்கலாம்னு வந்தோம். அவருக்கு ஊத யாரு வாராக?"

யாருமில்லை என்று தலையை மட்டும் ஆட்டினேன். அவள் போய்த் தன் இடத்தில் உட்கார்ந்துகொண்டாள். ஒருவரும் எழுந்து போகவில்லை, ஒருவரும் பேசவில்லை. சர்ச் ஐயர் ஜெபம் பண்ண வரும்வரை அத்தனை பேரும் உன்னையே பார்த்தபடி இருந்தார்கள். இப்போதும் நான் எந்த ஊரில் டிரம்மை மாட்டினாலும், முதல் அடிக்கு முன்னால் அந்தப் பந்தலின் அமைதி வந்து நிற்கிறது.

எனக்கு உன்மேல் ஆத்திரம்தான்லே. நீ கேட்ட மாதிரியே வந்து உட்கார்ந்திருந்தார்கள். எழுந்து ஒரு வரி ஊதியிருக்கலாம்.