போறணைக் காணி

1981 மார்ச் 9
இத்தாவில் இருக்கிறேன். புருஷன் மௌத்தாகி ஒரு மாதம்; நாலு மாதம் பத்து நாள் முடியும்வரை வீட்டு வாசலைத் தாண்டக்கூடாது. பேக்கரி நிற்கும் நிலம் அரசாங்கக் குத்தகைக் காணி, அவர் பெயரில் இருக்கிறது. அதை என் பெயருக்கு மாற்றித் தரும்படி தம்பி சாலிஹிடம் விண்ணப்பம் கொடுத்தனுப்பினேன். பாண் வழக்கம்போல வேகிறது. பாண் சுடும் போறணை செங்கல்லில் கட்டியது. மற்றச் சாமானையெல்லாம் தூக்கிக்கொண்டு போகலாம், அதைத் தூக்க முடியாது.

ஏப்ரல் 2
காணிக் கந்தோரில் விசாரணை, நான் நேரில் வர வேண்டுமாம். சாலிஹ் போய் காணி அதிகாரி ஹஸன் சேரிடம், "ராத்தா இத்தாவில இருக்கா, முடிஞ்ச உடன வருவா" என்று சொல்லியிருக்கிறான். "ஓம் ஓம், தெரியும்தானே" என்றாராம். சாலிஹ் எழுத்தில் ஒன்றும் கொடுக்கவில்லை. ஒருத்தி இத்தாவில் இருப்பதை இந்த ஊரில் யார் எழுதிக் கொடுத்தார்கள்?

ஏப்ரல் 30
மகள் றாஹிலா கடிதத்தை வாசித்தாள். விசாரணைக்குச் சமூகமளிக்காததால் எனக்குக் காணியில் அக்கறை இல்லை எனக் கருதி விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறதாம். காணியை ஒப்படைக்க வேண்டுமாம்.
அக்கறை இல்லையாம்! பதினெட்டு வயசில இருந்து அந்த நெருப்புக்குப் பக்கத்தில வெந்தவள் நான் — எனக்கா அக்கறை இல்ல? ஹஸன் சேர் இவர்ட ஜனாஸாவ அடக்க வந்தவர்தானே? எங்கட வாசல்ல நிண்டு துஆக் கேட்டவர்தானே?

ஜூன் 22
இத்தா முடிந்தது. முதல் பயணம் கல்முனைக்கு, லோயர் பாக்கியராசாவிடம். கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போகலாம் என்றார்.
"அந்தக் கோடு காணியத் தருமா?"
"இல்ல அம்மா. கந்தோர் ஒழுங்கா விசாரிச்சு முடிவெடுத்ததா எண்டுதான் பார்க்கும்."
"அப்ப ஒழுங்கா விசாரிச்சு இல்லையெண்டா?"
"அது ஒழுங்கான இல்லை" என்றார். நல்ல மனிதர். பொய் சொல்லத் தெரியவில்லை.

ஜூலை 14
வழக்கு முடியும்வரை காணியை யாருக்கும் கொடுக்கக்கூடாது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. இன்று நன்றாகத் தூங்குவேன்.

நவம்பர் 17
கொழும்பு. எல்லாம் இங்கிலீஷ். எனக்கு விளங்கியது என் பெயர் மட்டும். வெளியே வந்ததும் பாக்கியராசா சொன்னார்: இத்தா பற்றிக் காணிக் கந்தோர்க் கோவைக் கடதாசிகளில் ஒரு வரியும் இல்லை என்றாராம் அரசாங்கத்து லோயர். கோவையில் இல்லாதது அந்த அதிகாரிக்குத் தெரியாதா என்று நீதிபதி கேட்டாராம். அந்தக் கேள்விக்காகவே பஸ்ஸில் ஆடி ஆடி வந்தது தகும்.

1982 பெப்ரவரி 3
தீர்ப்பு. நிராகரித்தது செல்லாது. மறுபடி விசாரித்து, காரணத்தை எழுதி முடிவு சொல்லட்டுமாம். சாலிஹ் எல்லாருக்கும் பேக்கரிப் பணிஸ் கொடுத்தான். காணி இன்னும் கிடைக்கவில்லை என்று நான் சொன்னதை ஒருவரும் கேட்கவில்லை.

மார்ச் 11
விசாரணை. ஹஸன் சேர் என் முகத்தைப் பார்க்கவில்லை.
"பேர்?"
சொன்னேன்.
"போன முறை ஏன் வரல்ல?"
"இத்தாவில இருந்த."
"இத்தா எண்டா என்ன?"
கேட்டவர் ரெண்டு தரம் ஹஜ்ஜுக்குப் போனவர்.
"கோட்டுக்குப் போற கோவை. எல்லாத்தையும் எழுதோணும்" என்றார் மெல்ல.
புருஷன் மௌத்தானால் பெண்சாதி வீட்டிலேயே இருக்கும் காலம் என்று தொடங்கி, ஓதப்பள்ளியில் பிள்ளைகளுக்குச் சொல்வதுபோல் முழுவதும் சொன்னேன். "கொஞ்சம் ஆறுதலாச் சொல்லுங்க" என்றார். ஒவ்வொரு சொல்லாக ஆறுதலாகச் சொன்னேன். கொஞ்சம் பாவமாக இருந்தது. அதிகமில்லை.

மே 6
குத்தகை என் பெயருக்கு வந்துவிட்டது. கந்தோருக்குப் போய்க் கையெழுத்து வைத்தேன். படிவத்தில் எனக்குப் பிறகு காணி யாருக்கு என்று ஒரு கேள்வி இருந்தது. தம்பியின் பெயரைப் போட்டால் லேசு, ஆம்பிளை, கூப்பிட்டால் வருவான் என்றார் ஹஸன் சேர். மகளின் பெயரைச் சொன்னேன்.
"அவ வருவாவா?"
"நான் மௌத்தானா மகளுக்கு இத்தா இல்ல சேர். துக்கம் மூணு நாள்தான். நாலாம் நாள் வந்து நிப்பா."
அதையும் எழுதிக்கொண்டார்.