மீன் இல்லாத இதழ்

ஜூன் 4

அன்புத் தம்பிக்கு,

நான் நலம். உன் கம்பெனி வக்கீலும் நலம்தான் போலிருக்கிறது. நேற்று அவருடைய நோட்டீஸ் வந்தது. உன்னைப் பற்றித்தான் ஒன்றும் தெரியவில்லை.

‘மேகமீன்’ என்ற பெயர் என் பேரில் பதிவாகியிருப்பதால் நம் சிறுவர் பத்திரிகைக்கு அதை நான் வைத்துக்கொள்ளலாமாம். ஆனால் மேகத்தில் நீந்தும் அந்த மீனை வரைந்தது நீ. அதை நீ அவர்களுக்கு எழுதிக் கொடுத்துவிட்டதால், இனி ஒரு செதிலைக்கூட நான் அச்சடிக்கக் கூடாதாம். பெயரையும் விட்டுக்கொடுத்தால் வழக்கே வேண்டாம் என்கிறார்கள். மாட்டேன் என்று பதில் போட்டாயிற்று.

கார்ட்டூன் படமாக ஓடும், எங்கெங்கோ இருக்கும் பிள்ளைகளெல்லாம் பார்ப்பார்கள் என்று உன்னிடம் சொல்லியிருப்பார்கள். நானும் மயங்கித்தான் இருப்பேன். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், அவ்வளவுதான்.

மாடி அறையில் உன் மேசைமேல் அச்சுத்தாள்கள் காய்கின்றன. வேளைக்குச் சாப்பிடு.

உன் அக்கா


ஜூன் 15

அக்கா,

இங்கே என் சன்னலுக்கு வெளியே காலையில் மேகம் வந்து நிற்கிறது. கண்ணாடியில் நெற்றியை வைத்தால் மிதப்பது நானா, கட்டடமா என்று தெரிவதில்லை. அந்த நேரத்தில்தான் உன் ஞாபகம் வருகிறது.

உனக்கு எழுதக் கூடாது என்று வக்கீல் சொல்லியிருக்கிறார். மீன் எப்படிப் பிறந்தது என்று கேட்டார். சின்ன வயதில் காய்ச்சலில் கிடந்தபோது கனவில் வந்தது என்றேன். “கனவு உங்களோடதுதானே?” என்றார். ஆமாம் என்று சொல்லிவிட்டு வந்தபிறகு எனக்கே சந்தேகம். நான் தூங்கும்வரை தலைமாட்டில் உட்கார்ந்து நீ கதை சொல்லிக்கொண்டே இருந்தாய். அதில் மீன் வந்ததா?

வழக்குக்காகக் கேட்கவில்லை.

தம்பி


ஜூன் 24

தம்பி,

எனக்கும் சரியாக ஞாபகமில்லை. நான் சொன்ன கதையில் ஒரு குளம் இருந்தது. பாதியில் நீ, “அக்கா, தண்ணி மேல போயிடுச்சு” என்று உளறினாய். சரி, போய்விட்டது என்று நானும் அங்கிருந்தே கதையைத் தொடர்ந்தேன். மீன் அதற்குள் எப்போதோ வந்து சேர்ந்துகொண்டது.

கனவுக்கும் வாயால் சொன்ன கதைக்கும் பதிப்புரிமை கிடையாது, காகிதத்தில் இழுத்த கோட்டுக்குத்தான் என்கிறார் என் வக்கீல். அப்படிப் பார்த்தால் நீதான் ஜெயிப்பாய்.

கோர்ட் தடை வந்துவிட்டது. வேறு யாரையாவது வைத்து வேறு மீன் வரையலாமே என்றார் அச்சகக்காரர். மனசு கேட்கவில்லை. கதையை மட்டும் போட்டு, படம் வரும் கட்டங்களை வெள்ளையாக விட்டுவிட்டேன். பக்கம் பனி மூடிய தெரு மாதிரி இருக்கிறது.

அக்கா


ஜூலை 20

தம்பி,

உன்னிடமிருந்து பதில் இல்லை. பரவாயில்லை, இதைக் கேள்.

தபால்காரர் ஒரு மூட்டையோடு மாடியேறி வந்தார். பிள்ளைகள் அந்த வெள்ளைக் கட்டங்களில் ஆளுக்கொரு மீன் வரைந்து, பக்கத்தைக் கிழித்து அனுப்பியிருக்கிறார்கள். ஒன்றுக்குக் கால் இருக்கிறது. ஒன்று மூக்குக்கண்ணாடி போட்டிருக்கிறது. ஒன்று முழுக்கக் கறுப்பு. ‘வெளக்க அணைச்சா தெரியும்’ என்று அடியில் எழுதியிருக்கிறது.

அறை முழுக்கக் கயிறு கட்டித் தொங்கவிட்டேன். சன்னலைத் திறந்ததும் அத்தனையும் சேர்ந்து ஒரே பக்கமாகத் திரும்பின. எழுந்திருக்கவே தோன்றாமல் நடுவில் உட்கார்ந்திருந்தேன்.

அடுத்த இதழில் இவற்றைத்தான் போடப்போகிறேன்.

அக்கா


ஆகஸ்ட் 9

அக்கா,

அந்த இதழை என் மேசைக்குக் கொண்டுவந்தவரே வக்கீல்தான். பிள்ளைகள் வரைந்ததும் என் மீனின் நகலாம். அவர்களுடைய அப்பா அம்மாவுக்கு எச்சரிக்கை அனுப்ப வேண்டும், வரைந்தவன் என்ற முறையில் நான் கையெழுத்துப் போட வேண்டும் என்று பேனாவை நீட்டினார்.

நான் அந்தக் கறுப்பு மீனையே பார்த்துக்கொண்டிருந்தேன். “இதுல ஒண்ணுகூட என் மீன் இல்லீங்க. கோர்ட்ல கேட்டாலும் இதத்தான் சொல்வேன்” என்றேன்.

அந்த எச்சரிக்கையைக் கைவிட்டுவிட்டார்கள். என்னையும்தான். ஆனால் எழுதிக் கொடுத்தது கொடுத்ததுதான், மீன் அவர்களுடையது. இனி விளையாட்டுக்குக்கூட நான் அதை வரையக் கூடாது. நேற்று ஏதோ யோசனையில் கை தானாக மீனின் கண்ணை வரைந்துவிட்டது. பென்சிலைக் கீழே வைத்துவிட்டேன்.

வரட்டுமா அக்கா? வந்து என்ன செய்வேன் என்று தெரியவில்லை.

தம்பி


ஆகஸ்ட் 18

என் தம்பிக்கு,

இதற்கு ஒரு கடிதமா? வா. கோபமெல்லாம் தீர்ந்துவிட்டது என்று நினைத்துவிடாதே, நேரில் திட்டக் கொஞ்சம் மிச்சம் வைத்திருக்கிறேன்.

பக்கத்துத் தெருவிலிருந்து ஒரு சின்னப்பெண் அலுவலகத்துக்கு வந்திருந்தாள். மேகத்துக்குள் சட்டென்று திரும்பும்போது மீனின் வால் எந்தப் பக்கம் மடங்கும் என்று கேட்டாள். இத்தனை வருஷம் அச்சடித்தும் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

நீ சொல்லிக் கொடுக்கலாமா என்று என் வக்கீலிடம் விசாரித்தேன். “அவர் வரையத்தான் கூடாது. வாயால சொல்லிக் குடுத்தா யாரு என்ன பண்ண முடியும்?” என்றார்.

அந்தப் பெண்ணைச் சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறேன். பென்சில் அவள் கையில் இருக்கட்டும். நீ பக்கத்தில் உட்கார்ந்து சொல்லு.

அக்கா