தீக்கு முன்னே நிறுத்திவைத்த சீதை

ஃபஹாஹீல்,
ஞாயிறு

அன்பு மகள் பிருந்தாவுக்கு அப்பா எழுதுவது. நானும் உன் அண்ணன் வீட்டாரும் சுகம். எடின்பரோ குளிரில் நீயும் மாப்பிள்ளையும் நலமாயிருக்கப் பெருமாள் துணை. கோபத்தில் எழுதினால் எனக்கு வரிசை தப்பிவிடும், அதனால் முதலிலேயே குறித்துவிடுகிறேன்.

1. உன் தோழி நிங்ருமுக்கு இங்கே நம் தமிழ்ச் சங்கத்தில் நடந்தது.
2. செயலாளர் முத்துராமன் சொன்ன சமாதானம்.
3. இனி இந்தப் பக்கமே வராதே என்று நீ அவளிடம் சொல்ல வேண்டியது.

வெள்ளிக்கிழமை ஆண்டு விழா. நீ சொல்லித்தான் அவள் ஜகார்த்தாவிலிருந்து வந்தாள். அவள் நாட்டில் சினிமா நடிகை, தங்கள் ஜாவா ராமாயண நடனத்தை நாடு நாடாகக் கொண்டுபோய்க் காட்டுகிறவள். ஒப்பனையில்லாமல் சாதாரணச் சட்டையில் வந்தவளை, முத்துராமன் வாசலிலேயே மறித்து, யாருடைய கைக்குழந்தையையோ கையில் திணித்து, ஜல்தி ஜல்தி என்று கடைசி வரிசையில், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள வந்த பணிப்பெண்களோடு உட்கார வைத்துவிட்டார். இந்தோனேசியா என்றால் இவர்களுக்கு அது ஒன்றுதான் தெரியும். அவள் குழந்தையை மடியில் போட்டுத் தட்டிக்கொடுக்கத் தொடங்கினாள். நிகழ்ச்சிக்குப் பெயர் சொல்லித் தேடியபோதுதான், தூங்கிவிட்ட குழந்தையைப் பக்கத்துப் பெண்ணிடம் கொடுத்துவிட்டு எழுந்தாள். அதோடு விட்டார்களா? சீதை தீயில் இறங்கப்போகும் இடத்தில், சிறப்பு விருந்தினர் வந்துவிட்டார் என்று இசையை நிறுத்தினார்கள். பொன்னாடை, கைதட்டல், போட்டோ. அவள் கூப்பிய கையோடு நின்றாள். தொடரச் சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை.

இரண்டாவது. நான் தயங்கித் தயங்கி முத்துராமனிடம் போனேன். அவர் சொன்னது இது: அந்த ஊர் ஆளுங்க எல்லாம் ஒரே மாதிரிதானே சார் இருக்காங்க, இதைப் போய்ப் பெரிசு பண்றீங்களே, சீதை கதை நமக்குத் தெரியாததா, கலாஸ், முடிஞ்சு போச்சு, போய்ச் சாப்பிடுங்க. ஒரே மாதிரியாம்! இந்த ஊர் அரபி ஒருவர் தன்னை டிரைவர் என்று நினைத்துச் சாவியை நீட்டியதை வருஷக்கணக்காகச் சொல்லிக் குமுறுகிறவர் இவர். கேட்க நினைத்தேன், வழக்கம்போல விழுங்கிவிட்டேன். வீட்டுக்கு வந்துதான் கத்தினேன். உன் அண்ணி ஜலஜா, மாமா, இந்தச் சத்தத்துல பாதிய அங்க போட்டிருந்தா பாட்டே திரும்ப ஆரம்பிச்சிருக்கும் என்றாள். நியாயம்தான்.

மூன்றாவது. அடுத்த வருஷமும் வருவதாக அவள் ஒப்புக்கொண்டிருக்கிறாள். வேண்டாம் என்று சொல். அந்தக் கலையின் அருமை தெரியாத இடத்தில் அவள் ஏன் கால் வைக்க வேண்டும்?

நீங்கள் இருவரும் நூறாண்டு வாழ என் ஆசிகள். இரும்புச்சத்து மாத்திரையை மறக்காதே, காப்பியோடு விழுங்காதே.

இப்படிக்கு,
அன்புள்ள அப்பா,
ஸ்ரீனிவாசன்

பின்குறிப்பு: ஜலஜாவிடம் இதைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லும் நேரத்தில் நிங்ருமிடமிருந்து செய்தி வந்தது. கடைசி வரிசைப் பெண்கள் அவளை விடவில்லையாம், எங்கள் சீதையைத் தீக்கு முன்னாலேயே நிறுத்திவிட்டா ஊருக்குப் போவாய் என்று கேட்டார்களாம். பயணத்தைத் தள்ளிவைத்துவிட்டாள். அவர்களுக்கு லீவு கிடைக்கும் வரும் வெள்ளியன்று, அவர்கள் ஊர்க்காரர்களின் கூடத்தில் முழுக்க ஆடுகிறாள். என்னையும் அழைத்திருக்கிறாள், போகிறேன். அடுத்த வருஷம் நம் சங்கத்துக்கும் கட்டாயம் வருவாளாம், ஆட்டத்தை முடிக்க. ஆகவே மூன்றாவதாக நான் எழுதியது தவறு, அதை அவளிடம் சொல்லிவிடாதே. முத்துராமன் பாதியில் நிறுத்தினார், நான் அடியோடு நிறுத்தப் பார்த்திருக்கிறேன்.