ஏழாம் எண் வீட்டுக் கூரையில் நகரும் வெடிப்பு

அனுப்புநர்:
மருத்துவமனை ஆய்வகப் பணியாளர்,
வீட்டு எண் 7, இரண்டாம் தளம்,
பணியாளர் குடியிருப்பு.

பெறுநர்:
செயற்பொறியாளர் அவர்கள்,
குடியிருப்புப் பராமரிப்புப் பிரிவு.

பொருள்: படுக்கையறைக் கூரையில் வெடிப்பு நாளுக்கு நாள் நீள்வது – நேரில் ஆய்வு கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய அம்மையீர்,

1. வெல்டரான என் கணவர் சாரத்திலிருந்து விழுந்து, காலில் மாவுக்கட்டுடன் ஏழு வாரங்களாக மல்லாந்து கிடக்கிறார். அவருக்கு வாய்த்த வானம் எங்கள் கூரைதான். முதல் வாரமே ஜன்னலுக்கு மேல் மூலையில் மயிரிழை போன்ற வெடிப்பைக் கண்டு, அதற்கு ஆறு என்று பெயர் வைத்தார். நான் வேலை முடிந்து வந்ததும், “ஆறு இன்னிக்கு ஃபேனைத் தாண்டிருச்சு” என்பார். நானும் பக்கத்தில் படுத்துக்கொண்டு, கிளைகள் பிரிந்து போவதைப் பார்த்திருப்பேன். உள்ளதைச் சொன்னால், அழகாகவே இருந்தது. இம்மனு தாமதமானதற்கு அதுவே காரணம், பொறுத்தருள்க.

2. முன்பு வாய்மொழியாகச் சொன்னபோது தங்கள் மேற்பார்வையாளர் வந்து, வாசலில் நின்றபடியே, “மேல்பூச்சுதாம்மா வெடிச்சிருக்கு, பயப்படாதீங்க” என்று பட்டி பூசச் செய்தார். நான்காம் நாளே பட்டியைப் பிளந்துகொண்டு அது எட்டிப் பார்த்தது.

3. ஆய்வகத்தில் கழித்துப்போட்ட மெல்லிய கண்ணாடித் துண்டு ஒன்றை வெடிப்பின் குறுக்கே ஒட்டினேன். கூரை அசையாதிருந்தால் கண்ணாடி முழுசாக இருக்கும். மூன்றாம் நாள் பிற்பகல் ‘டிக்’ என்ற ஓசையில் என் கணவர் கண்விழித்தார். கண்ணாடி இரண்டாகியிருந்தது. “இரும்புத் தகடுன்னா விரிசல் நுனியில ஒரு ஓட்டை போட்டு நிறுத்திடுவேன். நுனி கூரா இருக்கிற வரைக்கும் அது போயிட்டேதான் இருக்கும். என் எலும்பு தானா கூடிடும், இது கூடாதே” என்றார். அன்றே கட்டிலைக் கூடத்துக்கு இழுத்தேன். மறுநாள் காலை, படுக்கையறையில் அவர் தலை வைத்திருந்த இடத்தில் சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்குக் காரை பெயர்ந்து விழுந்தது. உள்ளே கம்பி துருவேறி உப்பியிருக்கிறது.

4. மேல்வீட்டுக் குழந்தை இந்த வாரம்தான் நடக்கப் பழகுகிறது. நாலு அடி, ஒரு விழுதல், பிறகு சிரிப்பு; எல்லாம் எங்களுக்குக் கேட்கிறது. மேல்வீட்டாரிடம் விவரம் சொல்லிவிட்டோம். அவர்களுக்கும் போக்கிடம் இல்லை. அந்தக் குழந்தையைத் தரையில் விடாதீர்கள் என்று சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை. அதைச் சொல்லும் நிலை வருமுன் தாங்கள் நேரில் வந்து, கூரைக்கு முட்டுக் கொடுத்து, இரு வீட்டாருக்கும் மாற்று இடம் தர வேண்டுகிறேன்.

இடம்: பணியாளர் குடியிருப்பு
நாள்: 14, செவ்வாய்

இங்ஙனம்,
(ஒப்பம்)
ஏழாம் எண் வீட்டுக்காரி